ஒரே குரல், இரண்டு ரசீதுகள்: பெங்களூரு வானொலி அறிவிப்பாளர் ஒருவரின் தொழில் வாழ்க்கை

அவருடைய பெயரை இங்கே எழுதப் போவதில்லை. அவர் விதித்த ஒரே நிபந்தனை அதுதான். மற்றதையெல்லாம் எழுதலாம் என்று சொல்லி, பழைய ஒப்பந்தப் படிகள், வங்கிப் புத்தகம், கணக்கெழுதிய நோட்டுகள் அனைத்தையும் ஒரு துணிப்பையில் கட்டி என் வீட்டில் கொண்டுவந்து வைத்தார். நான் அவரோடு ஒரே தனியார் எஃப்.எம். நிலையத்தில் ஏழு ஆண்டுகள் நிகழ்ச்சித் தயாரிப்பாளராக இருந்தவன். இதில் வரும் ஒரு தவறான காகிதத்தில் என் கையெழுத்தும் இருக்கிறது. ஆகவே தள்ளி நின்று தீர்ப்பு எழுதும் உரிமை எனக்கு இல்லை. நடந்ததை முழுமையாகச் சொல்லும் கடமை இருக்கிறது.

இப்போது ஒலிபரப்புத் துறைக்கு வரும் இளைஞர்களுக்கு வகுப்பெடுக்கிறேன். ஒவ்வோர் ஆண்டும் யாராவது ஒருவர் கேட்டுவிடுகிறார்: “சார், ஆர்.ஜே.யாக (வானொலி அறிவிப்பாளராக) இருந்துகொண்டே பி.ஆர். (மக்கள் தொடர்பு) வேலையும் செய்யலாமா?” ஒரு வரியில் பதில் சொல்ல முயன்றபோதெல்லாம் அந்தப் பதில் எனக்கே பொய்யாகப் பட்டது. அதனால்தான் இந்த ஆய்வு.

முர்பி டவுனும் ‘ஹ’ என்ற எழுத்தும்

அவர் பிறந்து வளர்ந்தது முர்பி டவுனில். அப்பா பின்னி மில் தொழிலாளி. வீட்டில் பேசுவது தமிழ், தெருவில் தமிழும் கன்னடமும் தக்காணி உருதும், பள்ளியில் ஆங்கிலம். அப்பாவுக்கு இலங்கை வானொலி உயிர். சிற்றலையின் இரைச்சலுக்குள் அதன் அறிவிப்பாளர்கள் கே.எஸ். ராஜாவும் பி.எச். அப்துல் ஹமீதும் பேசியதை அவர் மகளுக்கு அபிநயித்துக் காட்டுவாராம். மகள் வளர்வதற்குள் கொழும்பின் அந்தப் பொற்காலம் மங்கிவிட்டது. அவள் கேட்டது அப்பாவின் வாய்வழி வந்த கே.எஸ். ராஜாவைத்தான். பாட்டிக்குக் கண் மங்கிய பிறகு தினமும் மாலையில் ‘தின சுடர்’ நாளிதழைச் சத்தமாகப் படித்துக் காட்டியதுதான் தன் முதல் ஒலிபரப்பு என்று சொல்வார்.

2001 ஜூலை 3 அன்று பெங்களூரில் ரேடியோ சிட்டி தொடங்கியது. நாட்டின் முதல் தனியார் எஃப்.எம். நிலையம் அது. காற்றலைகள் பொதுச்சொத்து என்று உச்ச நீதிமன்றம் 1995இல் சொன்ன தீர்ப்புக்குப் பிறகு திறந்த கதவு. ஆனால் அகலமாகத் திறக்கவில்லை. முதல் கட்ட உரிமங்களில் கட்டணம் ஆண்டுதோறும் 15 சதவீதம் ஏறிக்கொண்டே போனது; பல நிறுவனங்களுக்கு மூச்சு முட்டியது. 2005இல் வந்த இரண்டாம் கட்டக் கொள்கை அதை மாற்றி, நுழைவுக் கட்டணத்தோடு மொத்த வருவாயில் 4 சதவீதம் என்று ஆக்கியது. அடுத்த ஆண்டே பெங்களூரில் நிலையங்கள் வரிசையாகத் திறந்தன. எல்லாருக்கும் ஒரே நேரத்தில் குரல்கள் தேவைப்பட்டன. 2006இல் அவர் குரல் தேர்வுக்கு வந்தார்.

அந்தத் தேர்வில் நானும் உட்கார்ந்திருந்தேன். நல்ல குரல், நல்ல வேகம், சிரிப்பு இயல்பானது. கன்னடத்தில் மட்டும் ஓர் இடத்தில் தடுக்கியது. தமிழின் ‘பால்’ கன்னடத்தில் ‘ஹாலு’; நம் ‘பத்து’ அவர்களுக்கு ‘ஹத்து’; ‘போ’ என்பது ‘ஹோகு’. இந்த ‘ஹ’வை உணர்ச்சிவசப்பட்டுப் பேசும்போது தமிழ் நாக்கு விழுங்கிவிடும். நேயர் அந்த நொடியே கண்டுபிடித்துவிடுவார். இரண்டு மாதம் அவகாசம் கேட்டார். விடியற்காலையில் அல்சூர் ஏரிக் கரையில் நடந்தபடி கன்னட நாளிதழின் தலையங்கத்தை வாய்விட்டுப் படித்தார். மூன்றாவது மாதம் வந்து பேசியபோது தேர்வுக் குழுவிலிருந்த மைசூர்க்காரர் ஒருவர், “எந்த ஊர்ப் பெண்?” என்று என்னிடம் கேட்டார். அந்த உழைப்பை நான் நேரில் பார்த்தவன் என்பதைச் சொல்லிவைக்கிறேன். பின்னால் வருவதைப் படிக்கும்போது இது நினைவில் இருக்க வேண்டும்.

மாதம் 14,000 ரூபாய். அது சம்பளமாகவும் வரவில்லை. ‘தொழில்முறைக் கட்டணம்’ என்ற பெயரில், வரி பிடித்துக்கொண்டு, ஆண்டுக்கு ஆண்டு புதுப்பிக்கும் ஒப்பந்தத்தில் வந்தது. வருங்கால வைப்பு நிதி கிடையாது. நிலையத்தின் சுவரில் ஆளுயரத்துக்கு அவர் படம் இருந்தது. பிரிகேட் சாலையில் விளம்பரப் பலகையில் இருந்தது. அவர் வீட்டுக்குப் போனது பஸ்ஸில். தனியார் எஃப்.எம். அறிவிப்பாளர்களில் பலருடைய நிலை அன்று இதுதான். வெளியே வேலை தேடியதற்காக அவர்களைக் குறை சொல்பவர்கள் இந்த எண்ணை முதலில் பார்க்க வேண்டும்.

மக்கள் தொடர்பு வேலை எப்படி வந்தது

தமிழ்த் திரையுலகில் ‘மக்கள் தொடர்பாளர்’ என்பது மரியாதையான பதவி. முதல் மக்கள் தொடர்பாளர் என்று அறியப்படும் ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் காலத்திலிருந்து தொடரும் மரபு அது. படம் பெங்களூரில் வெளியாகும்போது அந்த வேலையை இங்கே செய்ய ஓர் உள்ளூர் ஆள் வேண்டும். சென்னையிலிருந்து நடிகர் வெள்ளிக்கிழமைக்கு முந்தைய நாள் வருவார். காலையில் விமான நிலையம், மதியத்துக்குள் மூன்று நான்கு வானொலி நிலையங்கள், மாலையில் ஏதாவது வணிக வளாகம், இரவு திரும்பும் விமானம். யாரை எந்த நேரத்துக்கு எங்கே உட்கார வைப்பது, எந்தக் கேள்வியைக் கேட்கக் கூடாது, பூங்கொத்து யார் கொடுப்பது, லாவண்யா திரையரங்கில் முதல் காட்சிக்கு எட்டிப்பார்க்க நேரம் கிடைக்குமா என்பதையெல்லாம் ஒருவர் கையில் வைத்திருக்க வேண்டும்.

2009இல் ஒரு விநியோகஸ்தர் அவரிடம் அந்த வேலையைக் கொடுத்தார். கட்டணம் 8,000 ரூபாய். தமிழ், கன்னடம், ஆங்கிலம் மூன்றிலும் செய்திக் குறிப்பு எழுதத் தெரிந்த, எல்லா நிலையங்களிலும் நண்பர்கள் உள்ள ஒருவர் அந்த ஊரில் வேறு யார் இருந்தார்கள்? ஒரே ஆண்டில் பதினொரு படங்கள். பிறகு ஒரு துணிக்கடைத் திறப்பு விழா, பல் மருத்துவமனை, பொங்கல் கலைவிழா மேடை. நோட்டில் இடப்பக்கம் வானொலி, வலப்பக்கம் மக்கள் தொடர்பு என்று இரண்டு பத்திகள் போட்டுக் கணக்கெழுதியிருக்கிறார். 2012 மார்ச்சில் வலப்பக்கம் இடப்பக்கத்தைத் தாண்டுகிறது. அந்தப் பக்கத்தில் ஒரு சிறிய நட்சத்திரம் வரைந்திருக்கிறார்.

முதல் சிக்கல் இங்கேதான் முளைத்தது, அதை அவர் கையாண்ட விதம் எனக்கு இன்றும் பிடிக்கும். நடிகரை முதலில் எந்த நிலையத்துக்கு அழைத்துப் போவது? முதலில் பேசும் நிலையத்துக்குத்தான் புதிய செய்தி கிடைக்கும்; நான்காவது நிலையம் அதே பதில்களைச் சோர்ந்த குரலில் வாங்கும். ஒருமுறை அவர் எங்கள் நிலையத்துக்கே முதலில் அழைத்து வந்தார். போட்டி நிலையத்தின் தயாரிப்பாளர் விநியோகஸ்தரிடம் சண்டை போட்டார். அந்தச் சண்டை நியாயமானது. அடுத்த படத்திலிருந்து யாரும் சொல்லாமலேயே ஒரு விதி வைத்துக்கொண்டார்: தன் நிலையம் எப்போதும் கடைசி. எங்கள் நிர்வாகத்துக்குக் கோபம். “அண்ணா, அவர்கள் எனக்குப் பணம் கொடுப்பது எல்லாருக்குமாக வேலை செய்ய. நம் நிலையத்துக்காக அந்தப் பணத்தை வாங்கவில்லையே” என்றார் என்னிடம். இரண்டு தொழிலுக்கும் நடுவே ஒரு கோடு வேண்டும் என்பது அவருக்குத் தெரிந்தே இருந்தது. அந்தக் கோட்டை நிலையங்களுக்கு நடுவே போட்டார். நேயருக்கும் தனக்கும் நடுவே போட மறந்தார்.

2013: ஆனேக்கல் பக்கத்துச் சைட்

வானொலியில் விளம்பரத்தைப் பத்து விநாடி அலகாக விற்பார்கள். பதிவு செய்த ‘ஸ்பாட்’ பாடல்களுக்கு நடுவே மற்ற விளம்பரங்களோடு வரிசையில் ஓடும். ‘ஆர்.ஜே. மென்ஷன்’ வேறு வகை. அறிவிப்பாளர் தன் பேச்சோடு பேச்சாக, தன் சொந்த அனுபவம்போல, பொருளைப் பற்றிச் சொல்வார். அதற்கு விலை அதிகம். ஏன் அதிகம் என்பதை நாங்கள் யாரும் அன்று உட்கார்ந்து யோசிக்கவில்லை.

ஓசூர் சாலையை ஒட்டி ஆனேக்கல் தாலுகாவில் மனை விற்கும் ஒரு நிறுவனம் இரண்டு வாரத்துக்கு, நாளுக்கு மூன்று மென்ஷன் வாங்கியது. பெங்களூர்த் தமிழர் வாயில் மனைக்குப் பெயர் ‘சைட்’. மின்னணு நகருக்கு மேம்பாலச் சாலை 2010இல் திறந்த பிறகு அந்தப் பக்கம் சைட் போடாத வயலே இல்லை என்ற நிலை. அதே நிறுவனம் அவரைத் தனியாகவும் அமர்த்தியது: தொடக்க விழா, செய்திக் குறிப்பு, துண்டுப் பிரசுரம் எல்லாம் சேர்த்து 40,000 ரூபாய். நிலையத்துக்கு ஒரு ரசீது, அவருக்கு ஒரு ரசீது. நிலையத்துக்கு இரண்டாவது ரசீது தெரியாது. நேயருக்கு இரண்டுமே தெரியாது.

மென்ஷனில் ஒரு வரி உண்டு: “நானும் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன்.” இது பொய் இல்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமை நிறுவனத்தின் வேனில் போனார். வெள்ளையடித்த எல்லைக் கற்கள், கொடிகள், ஷாமியானா, பிசிபேளேபாத். மனையைப் பார்த்தார், காகிதத்தைப் பார்க்கவில்லை. அந்த வரியை எழுதிக்கொண்டு வந்து காட்டியபோது, “இது நன்றாக இருக்கிறது, மூன்றாவது நொடியிலேயே வரட்டும்” என்று சொல்லி ஒப்புதல் கையெழுத்துப் போட்டது நான்.

அந்த நிலம் பெங்களூரில் ‘ரெவின்யூ சைட்’ என்று சொல்லும் வகை. விவசாய நிலத்தை வீட்டு மனையாக மாற்ற மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும், ‘டி.சி. கன்வர்ஷன்’ என்பது அதுதான். அது நடந்திருக்கவில்லை. கர்நாடக நிலச் சீர்திருத்தச் சட்டத்தின் 79ஏ, 79பி பிரிவுகள் அப்போது உயிரோடு இருந்தன. 2020இல்தான் அவை நீக்கப்பட்டன. விவசாயத்துக்கு வெளியே வருமானம் உள்ள பெரும்பாலோர் விவசாய நிலம் வாங்குவதற்கு அந்தப் பிரிவுகள் தடையாக நின்றன. அதாவது வானொலி கேட்டு முன்பணம் கொடுத்த நகரவாசிகளில் பலருக்கு அந்தச் சைட் பதிவே ஆகாது.

ஒரு வெள்ளிக்கிழமை காலை நிகழ்ச்சி முடிந்து அவர் வெளியே வந்தபோது வாசலில் அறுபது வயதுப் பெண்மணி ஒருவர் காத்திருந்தார். அல்சூரில் இட்லிக் கடை வைத்திருப்பவர். 75,000 ரூபாய் முன்பணம் கட்டியிருந்தார். காவலாளி உள்ளே விட மறுத்ததால் இரண்டு மணி நேரமாக நின்றிருக்கிறார். சத்தம் போடவில்லை, அழவும் இல்லை. “ஏம்மா, தினமும் சில்க் போர்டு சிக்னலில் வண்டி நிற்கிறது என்று நீ சொல்கிறாய், என் பிள்ளை ஆட்டோவை வேறு வழியில் திருப்புகிறான். ஒருநாளும் நீ சொன்னது தப்பியதில்லை. அதனால்தான் கொடுத்தேன்” என்றார். தமிழில்தான் சொன்னார். கன்னட நிகழ்ச்சியில் கேட்ட குரலுக்குள் ஒரு தமிழ்ப் பெண் இருப்பது அவருக்குத் தெரிந்திருக்கிறது. எப்படித் தெரியும் என்று கேட்டதற்கு, “நீ சிரிக்கும்போது தெரியும்” என்றார்.

நான் படிக்கட்டில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். கீழே இறங்கிப் போகவில்லை.

அந்த அம்மாள் சொன்ன வாக்கியத்தின் பொருள்

இந்த ஆய்வின் மையம் எனக்கு அந்த வாக்கியம்தான். பத்து ஆண்டுகளாக அதை வகுப்பில் சொல்லி வருகிறேன்.

தனியார் எஃப்.எம். நிலையங்கள் சொந்தமாகச் செய்தி ஒலிபரப்பக் கூடாது. மூன்றாம் கட்டக் கொள்கைதான் அகில இந்திய வானொலியின் செய்தியறிக்கையை அப்படியே மாற்றாமல் எடுத்து ஒலிபரப்ப வழிவிட்டது. போக்குவரத்து, வானிலை, குடிநீர், மின்வெட்டு, தேர்வு முடிவு போன்ற தகவல்கள் ‘செய்தி’ என்ற கணக்கில் வராது. ஆகவே அறிவிப்பாளர் உண்மையைச் சொல்ல அனுமதிக்கப்பட்ட இடம் பெரும்பாலும் போக்குவரத்துதான். அதில் ஓர் அதிசயம் இருக்கிறது: நேயர் அடுத்த பத்து நிமிடத்தில் அதைச் சோதித்துப் பார்த்துவிடுவார். சில்க் போர்டில் நெரிசல் என்றால் நெரிசல். இப்படி நாள்தோறும் சோதித்து, நாள்தோறும் சரியாக இருந்து, ஏழு ஆண்டுகளில் சேர்ந்த நம்பிக்கை அது. நெரிசலுக்காகச் சேர்த்த நம்பிக்கையை நாங்கள் நிலத்துக்குச் செலவழித்தோம். நேயருக்குச் சோதிக்கவே முடியாத ஒன்றைச் சொல்ல அதே குரலை, அதே காலை நேரத்தை, அதே சிரிப்பைப் பயன்படுத்தினோம்.

நாளிதழில் விளம்பரத்தைச் சுற்றிக் கட்டம் இருக்கும். செய்திபோல எழுதப்பட்டிருந்தால் மேலே ‘விளம்பரம்’ என்று பொடி எழுத்தில் போட்டிருப்பார்கள். காதுக்குக் கட்டம் கிடையாது. ஸ்பாட்டுக்கு முன்னும் பின்னும் வரும் இசை மாற்றம்தான் வானொலியின் கட்டம். மென்ஷன் என்ற சரக்கு அந்தக் கட்டத்தை அழித்துத் தருகிறது. ஸ்பாட்டைவிட அதிகமாக வாங்கும் பணம் அழிப்பதற்கான கூலி. விளம்பரதாரருக்கு இது தெரியும். விற்பனைப் பிரிவுக்கும் தெரியும். தெரியாதவர் நேயர் ஒருவரே.

இதற்கு மாற்றாக ஒரு பழைய மரபு இருந்தது என்பதால்தான் எனக்கு ஆற்றாமை. வானொலிக் குரலும் விளம்பரமும் பிறந்ததிலிருந்தே ஒட்டிக்கொண்டவை. இந்தி ஒலிபரப்பின் அமீன் சயானியை எடுத்துக்கொள்ளுங்கள்: 2024 பிப்ரவரியில் மறைந்த அவர் கணக்கில் 54,000 நிகழ்ச்சிகளோடு 19,000 விளம்பரத் துணுக்குகளும் உண்டு. அவர் தொகுத்த புகழ்பெற்ற பாடல் நிகழ்ச்சி 1952இல் இலங்கை வானொலியில் தொடங்கியபோது அதன் பெயரின் முதல் சொல்லே ‘பினாக்கா’ என்ற பற்பசை. யார் பணம் என்பது நிகழ்ச்சியின் நெற்றியில் எழுதியிருந்தது. கொழும்பின் தமிழ் வர்த்தக ஒலிபரப்பிலும் ‘இந்த நிகழ்ச்சியை உங்களுக்கு வழங்குபவர்கள்’ என்ற வாசகம் வந்த பிறகுதான் பாட்டு வரும். விவித் பாரதியில் 1967இல் விளம்பரம் நுழைந்தபோதும் அது தனித் துண்டாகவே வந்தது. அந்த அறிவிப்பாளர்கள் நம்மைவிட அதிகமாக விற்றார்கள். ஒளித்து விற்கவில்லை.

பணம் வாங்கியதை ஒளித்தால் என்ன ஆகும் என்பதற்கு அமெரிக்காவில் 1959ஆம் ஆண்டு சாட்சி. பாட்டைச் சுழற்றுவதற்கு இசைத்தட்டு நிறுவனங்களிடம் இரகசியப் பணம் வாங்கிய விவகாரம் வெடித்து, ‘ராக் அண்ட் ரோல்’ என்ற பெயரைப் பரப்பிய ஆலன் ஃப்ரீட் வேலையிழந்தார். அவர் வாழ்க்கை அதற்குப் பிறகு நிமிரவில்லை. அடுத்த ஆண்டு அங்கே சட்டமே திருத்தப்பட்டது. அங்கே ஏமாந்தவர் பிடிக்காத பாட்டைக் கேட்டார், அவ்வளவுதான். இங்கே ஓர் இட்லிக் கடையின் பல வருடச் சேமிப்பு போனது.

அடுத்து நடந்தவை

அவர் அன்றே நிர்வாகத்திடம் போய் இரண்டாவது ரசீதைப் பற்றிச் சொன்னார். அடுத்த நாள் காலை நிகழ்ச்சியில் விளக்கம் சொல்ல அனுமதி கேட்டார். மறுத்துவிட்டார்கள். இன்னும் நான்கு நாள் மென்ஷன் பாக்கி இருந்தது. பேசிய தொகை முழுதும் நிலையத்துக்கு இன்னும் வரவில்லை. வேறு அறிவிப்பாளரை வைத்து அந்த நான்கு நாளையும் முடித்தார்கள். அந்த வேறு அறிவிப்பாளருக்கான தாளிலும் நான்தான் கையெழுத்திட்டேன். மறுத்திருந்தால் என் வேலை போயிருக்குமா என்று பலமுறை யோசித்திருக்கிறேன். போயிருக்காது என்றுதான் நினைக்கிறேன். அந்த நினைப்பு உறுத்துகிறது.

அவர் தனியாக வேலையைத் தொடங்கினார். அந்த அம்மாளையும் அதேபோல முன்பணம் கட்டிய இன்னும் ஐந்து குடும்பங்களையும் கூட்டிக்கொண்டு ஆனேக்கல் தாலுகா அலுவலகத்துக்குப் போனார். பட்டாவுக்கு இணையான பஹணிப் பதிவேட்டின் நகலை எடுத்தார். நிலம் விவசாய நிலம் என்று அதில் தெளிவாக இருந்தது. கட்டணம் மிகச் சொற்பம். முதல் மென்ஷனுக்கு முன்னால் யாராவது செய்திருக்கக்கூடிய வேலை அது. அந்த நகலோடு மனை நிறுவனத்திடம் போய், பணத்தைத் திருப்பித் தராவிட்டால் இதுவரை தனக்குத் தெரிந்த எல்லாப் பத்திரிகையாளர்களிடமும் இதைக் கொடுப்பேன் என்றார். மக்கள் தொடர்பாளராக அவர் சேர்த்திருந்த தொடர்புகள் அத்தனையும் அன்று அந்த ஆறு குடும்பங்களுக்காக வேலை செய்தன. இந்த இடத்தைச் சொல்லாமல் விட்டால், ‘மக்கள் தொடர்பு வேலைதான் அவரைக் கெடுத்தது’ என்று தவறாகப் புரிந்துகொள்ள நேரும்.

பணம் பதினொரு மாதத்தில், மூன்று தவணையாகத் திரும்பியது. அந்த அம்மாளின் கடைசிக் காசோலை, 25,000 ரூபாய்க்கானது, வங்கியில் பணமில்லாமல் திரும்பி வந்தது. அதைத் தன் கையிலிருந்து கொடுத்தார். கணக்கு நோட்டின் வலப்பக்கத்தில் அது கழித்தலாக இருக்கிறது.

2014இல் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்காமல் நிலையத்தை விட்டு வெளியேறினார். நான்கு ஆண்டுகள் மக்கள் தொடர்பு மட்டும் செய்தார். நல்ல வருமானம், நிறையப் படங்கள். ஒலிவாங்கி இல்லாமல் அவர் வாடியதை அருகிலிருந்து பார்த்தவர்களுக்கு மட்டும் தெரியும். அதைப் பற்றி அதிகம் சொல்ல அவர் விரும்பவில்லை. 2018இல் வேறொரு நிலையத்தில் வார இறுதி நிகழ்ச்சி கிடைத்தது. 2020 ஊரடங்கில் கடைகள் மூடியதும் விளம்பரம் நின்றது. விளம்பரம் நின்றதும் வார இறுதி நிகழ்ச்சிகள் முதலில் போயின. திரையரங்குகளும் மூடியதால் இரண்டு பத்திகளும் ஒரே மாதத்தில் பூஜ்யம். அடுத்த ஆண்டு வீட்டு அலமாரிக்குள் போர்வை கட்டி, பெங்களூர்த் தமிழர்களுக்கான இணைய வானொலி நிகழ்ச்சி ஒன்றைத் தொடங்கினார். இன்று இதுதான் அவருடைய முதன்மைத் தொழில். மக்கள் தொடர்பு வேலையும் தொடர்கிறது.

இப்போதைய சட்டமும் அவருடைய விதிகளும்

2013இல் நடந்தது இன்று நடந்தால் நிலைமை வேறு. மனை வணிக ஒழுங்குமுறைச் சட்டம் 2017இல் முழுமையாக நடைமுறைக்கு வந்த பிறகு, அதன் வரம்புக்குள் வரும் மனைத் திட்டத்தைப் பதிவு செய்யாமல் விளம்பரப்படுத்தவே முடியாது. 2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் விளம்பரத்தில் பரிந்துரை செய்பவரையும் பிடிக்கிறது: தவறான விளம்பரத்துக்கு 10 லட்சம் ரூபாய் வரை அபராதம், மீண்டும் செய்தால் 50 லட்சம் வரை, பரிந்துரை செய்யவே ஓராண்டு வரை தடை, திரும்பச் செய்தால் மூன்றாண்டு வரை. சொல்வதற்கு முன் உரிய விசாரணை செய்தவருக்கு விலக்கு உண்டு. 2022 ஜூனில் வந்த வழிகாட்டு நெறிகள், பரிந்துரைப்பவருக்கும் விளம்பரதாரருக்கும் உள்ள பணத் தொடர்பை வெளிப்படையாகச் சொல்லச் சொல்கின்றன.

என் மாணவர்கள் இந்த அபராதத் தொகைகளைக் குறித்துக்கொள்கிறார்கள். அவர்களுக்கு நான் அடிக்கோடிடச் சொல்வது ‘உரிய விசாரணை’ என்ற இரண்டு சொற்களை. அவர் வேனில் போய்ப் பார்த்தது விசாரணை ஆகுமா? ஆகாது. பஹணி நகல் எடுத்தது ஆகும். இரண்டுக்கும் நடுவில் இருப்பது அரை நாள் வேலை.

அவர் சட்டத்துக்கு முன்பே தனக்கு விதி செய்துகொண்டவர். நிலம், மருந்து, சீட்டு, முதலீடு இவற்றுக்குக் குரல் கொடுப்பதில்லை. நேயர் வீட்டில் உட்கார்ந்து சரிபார்க்க முடியாத எதையும் ‘நான் பார்த்தேன்’ என்று சொல்வதில்லை. மக்கள் தொடர்பு செய்யும் படத்தைப் பற்றித் தன் நிகழ்ச்சியில் பேச நேர்ந்தால், அந்தப் படத்தின் வேலையைத் தான்தான் செய்வதாக முதலிலேயே சொல்லிவிடுவார். ஒப்பந்தங்களில் இதற்கென்று ஒரு பத்தி இருக்கிறது. அதைப் படித்துவிட்டுத் திரும்பாத வாடிக்கையாளர்களின் பட்டியலும் அந்தத் துணிப்பைக்குள் இருந்தது, நீளமான பட்டியல்.

எனக்கு மிகவும் பிடித்தது அவர் கண்டுபிடித்த ஒலிக்கட்டம். பணம் பெற்றுச் சொல்லும் பகுதிக்கு முன்னால் மிருதங்கத்தில் இரண்டு தட்டு. பிறகு ஒரு வாக்கியம்: “இது பணம் பெற்றுக்கொண்டு சொல்வது.” பகுதி முடிந்ததும் மறுபடி அதே இரண்டு தட்டு. மொத்தம் மூன்று விநாடி முன்னால், ஒரு விநாடி பின்னால். சில மாதங்களில் நேயர்கள் பழகிவிட்டார்கள். நேரில் பார்க்கும்போது கடைக்காரர்கள் மேசையில் இரண்டு தட்டு தட்டிவிட்டுத் தங்கள் சரக்கைப் பற்றிப் பேசத் தொடங்குகிறார்களாம். இதைச் சொல்லும்போது அவர் முகத்தில் வந்த மகிழ்ச்சியை, 2006இல் ‘ஹ’ சரியாக வந்த நாளுக்குப் பிறகு நான் பார்த்ததில்லை.

இதனால் வருமானம் குறைந்ததா என்று மாணவர்கள் கேட்பார்கள். குறைந்தது. மென்ஷனுக்கு மற்றவர்கள் வாங்குவதில் பாதிக்கும் கீழேதான் அவருக்குக் கிடைக்கிறது. அந்த இடைவெளியை மேடைத் தொகுப்பாலும் திரைப்பட வேலையாலும் நிரப்புகிறார். இதை இனிப்பாக்கிச் சொல்ல மாட்டேன். மகளுக்கு இந்த ஆண்டு பொறியியல் கல்லூரிக் கட்டணம் கட்ட நகை அடகில் இருக்கிறது.

இதை எழுதிக்கொண்டிருக்கும் வாரத்தில் ஒரு வீட்டு உபயோகப் பொருள் கடை அவருக்கு ஆறு மாத ஒப்பந்தம் அனுப்பியிருக்கிறது. அடகு நகையை மீட்கப் போதுமான தொகை. ஒரு திருத்தம் மட்டும் கேட்கிறார்கள்: மிருதங்கம் இருக்கட்டும், அந்த வாக்கியத்தை எடுத்துவிடுங்கள். சட்டப்படி எழுத்தில் வேண்டுமானால் நிகழ்ச்சியின் விவரக் குறிப்பில் போட்டுக்கொள்ளுங்கள். நேயர்களுக்கு இரண்டு தட்டின் பொருள் ஏற்கெனவே தெரியும்தானே என்பது அவர்கள் வாதம். அந்த வாதத்தில் ஓரளவு நியாயம் இருக்கிறது என்பதுதான் சங்கடம்.

நேற்றிரவு இரண்டு பதிவுகள் அனுப்பினார், வாக்கியத்தோடு ஒன்று, வாக்கியமில்லாமல் ஒன்று. “அண்ணா, நீங்கள் கேட்காதீர்கள். உங்களுக்கு எல்லாம் தெரியும். இதுவரை என் நிகழ்ச்சியைக் கேட்டிராத ஒருவருக்குப் போட்டுக் காட்டி, எது விளம்பரம் என்று கேட்டுச் சொல்லுங்கள்” என்று குறுஞ்செய்தி. இன்று காலை எங்கள் தெருவில் பூ விற்கும் பெண்ணிடம் இரண்டாவது பதிவைப் போட்டுக் காட்டினேன். முழுவதும் கேட்டுவிட்டு, “நல்ல கச்சேரியா? எங்கே நடக்கிறது?” என்று கேட்டார். அதை அப்படியே எழுதி அனுப்பியிருக்கிறேன். கடைக்காரர்களுக்கு அவர் திங்கட்கிழமை பதில் சொல்ல வேண்டும்.